இளவரசன் சுதந்திர மனிதனானபோது

சினிமாவுக்கு எழுதுவோரை இலக்கியவாதிகளாக ஏற்பதில் நம்மிடையே இன்னும் தயக்கம் உண்டு. நாவலாசிரியரை நினைவில் வைத்திருக்கும் நாம், அந்நாவலைத் திரைக்கு மாற்றியவரின் பெயரைத் தேடுவதில்லை. எஸ்தோனிய எழுத்தாளர் ஆர்வோ வால்டன் (1935 - 2024) இத்தயக்கத்துக்கு நல்லதொரு மறுமொழி.

பால்டிக் கரையிலுள்ள எஸ்தோனியாவிலிருந்து 1949 மார்ச்சில் சோவியத் ஆட்சி ஏறத்தாழ 20,000 பேரை நாடு கடத்தியது. அவர்களுள் 13 வயதுச் சிறுவன் வால்டனும் ஒருவன். சைபீரிய வாழ்வு முடிந்து 1954இல் திரும்பியவர், தாலினில் சுரங்கப் பொறியியல் கற்றார். பின்னர் மொஸ்கோவில் திரைக்கதைத் துறை பயின்றார்.

1969இல் கிரிகோரி க்ரோமனொவின் நெறியாள்கையில் உருவான 'கடைசித் திருப்பண்டம்' படத்தின் திரைக்கதை வால்டனுடையது. பொர்ன்ஹோஹேயின் 1893ஆம் ஆண்டு நாவலே அதன் மூலம். பதினாறாம் நூற்றாண்டு, பிரிதா கன்னியர் மடம், குடியானவர் கிளர்ச்சி, ஒரு காதல். நாவலின் தலைப்பிலேயே கப்ரியேல் இளவரசன். வால்டனோ அப்பட்டத்தைக் களைந்துவிட்டார். திரையில் அவன் யாருக்கும் அடிமையல்லாத ஒரு மனிதன், அவ்வளவே. இந்த ஒரு மாற்றமே நாவலை வேறொரு படைப்பாக்கிவிடுகிறது. உயர்குடிப் பிறப்பால் வரும் பெருமை போய், சுதந்திரமே பெருமையாகிறது.

குறையில்லாமலில்லை. மடத்தின் தலைவியும் ஜொஹான்னஸ் சகோதரரும் சூழ்ச்சியின் வடிவங்களாகவே வந்து போகின்றனர். மதத்தையும் பிரபுக்களையும் சாடுவது அன்றைய ஆட்சிக்கு உவப்பானது. அந்த உவப்பே படத்துக்குக் கவசமாயிற்று. ஆயினும் கவசத்துக்கான விலையைப் பாத்திரங்கள் கொடுத்திருக்கின்றன. இறைபக்தியுள்ள ஒருவரது உள்மனப் போராட்டத்துக்கு அங்கே இடமில்லை.

சோவியத் ஒன்றியத்தில் ஏறத்தாழ 4 கோடியே 50 இலட்சம் பேர் அதைப் பார்த்தனர். மற்றவர்களுக்கு அது ஒரு சாகசப் படம். எஸ்தோனியருக்கோ, பவுல்-ஏரிக் ரும்மோவின் பாடல்களோடு சேர்ந்து, வெளிப்படையாகப் பேச முடியாத ஒன்றைப் பேசியது.

அது தற்செயலன்று என்பதை வால்டனின் பின்னைய வாழ்வு காட்டுகிறது. 1980இல், ரஷ்யமயமாக்கலால் மொழிக்கு நேரும் ஆபத்தை எடுத்துரைத்து 40 அறிவுஜீவிகள் எழுதிய பகிரங்கக் கடிதத்தில் அவரும் ஒப்பமிட்டார். விடுதலைக்குப் பின் 1992இல் பாராளுமன்றம் சென்றார்.

மூலத்துக்கு விசுவாசம் என்பது வரிக்கு வரி பின்பற்றுவதன்று. எதை நீக்குவது என்ற தீர்ப்பிலும் எழுத்தாளன் இருக்கிறான். வால்டன் நீக்கியது ஒரு பட்டத்தை. கொடுத்தது ஒரு மனிதனை.