தொலைந்த காசுகளும் தொடர்பற்ற கணங்களும்

அர்ஜென்டின எழுத்தாளர் ஹோர்ஹே லூயிஸ் போர்ஹேஸ் (1899–1986) 1940இல் வெளியிட்ட ‘த்லோன், உக்பார், ஓர்பிஸ் டெர்டியஸ்’ என்னும் சிறுகதை, இல்லாத ஓர் உலகையும் அதற்குரிய மெய்யியல் மரபையும் புனைந்து காட்டுகிறது. சிற்றிதழ்கள் வழியே போர்ஹேஸை அறிந்த தமிழ் வாசகர் பலர் அதனை அறிவு விளையாட்டு என்றே கொள்வர். 1940இல் வெளிவந்த கதையின் பின்குறிப்பு 1947 எனத் தேதியிடப்பட்டிருப்பதும் அவ்வெண்ணத்துக்கு இடமளிக்கிறது. எனினும் அவ்விளையாட்டினடியில் ஓர் அறவியல் வினா உள்ளது.

த்லோன் மக்களுக்கு உலகம் நிலைபெற்ற பொருட்களின் தொகுதி அன்று. ஒன்றையடுத்து ஒன்றாக நிகழும் தனித்தனி மனச்செயல்களின் வரிசை. அவர்களுள் ஒரு சாரார் காலத்தையே மறுக்கின்றனர். இக்கணத்து எதிர்பார்ப்புக்கு அப்பால் நாளையும், இக்கணத்து நினைவுக்கு அப்பால் நேற்றும் இல்லை என்பது அவர்தம் கொள்கை. அங்கே பொருள்முதல்வாதமே வழிகேடு. அதனை முன்வைத்தவன் கூறும் உவமை எளியது. ஒருவன் செவ்வாயன்று ஒன்பது செப்புக்காசுகளைத் தொலைக்கிறான். வியாழனன்று வேறொருவன் நான்கையும், வெள்ளியன்று மற்றொருவன் மூன்றையும் கண்டெடுக்கின்றனர். எஞ்சிய இரண்டும் முதலாமவன் வீட்டிலேயே அகப்படுகின்றன. இடைப்பட்ட நாட்களிலும் காசுகள் இருந்தன என்கிறான் அவன். ‘தொலைத்தல்’, ‘கண்டெடுத்தல்’ என்னும் சொற்களே நிறுவ வேண்டியதை முன்கூட்டியே ஏற்றுக்கொள்கின்றன என மறுக்கின்றனர் த்லோன் அறிஞர்கள்.

தர்க்கத்தால் அம்மறுப்பை வெல்வது அரிது. ஆனால் அதனை ஏற்றபின் எஞ்சுவது என்ன? நேற்று வாங்கிய கடன் இன்று எவருடையது? ஒப்படைக்கப்பட்ட அமானிதத்தை எங்ஙனம் மீட்டளிப்பது? தவ்பா செய்பவன் எவருடைய பாவத்துக்காக வருந்துகிறான்?

காலத்தைக் கணங்களாகப் பிரித்தவர் த்லோன் அறிஞர் மட்டுமல்லர். அஷ்அரி மரபின் கலாம் அறிஞர்களும் பொருட்களின் பண்புகள் இரு கணங்கள் நிலைப்பதில்லை, இறைவன் அவற்றைக் கணந்தோறும் புதிதாகப் படைக்கிறான் என்றனர். நெருப்புக்கும் பஞ்சு எரிதலுக்கும் இடையே கட்டாயத் தொடர்பு இல்லை என இமாம் கஸ்ஸாலி (1058–1111) ‘தஹாஃபுத்துல் ஃபலாஸிஃபா’வில் வாதிட்டார். அவ்வாறாயின் வீட்டில் வைத்துவந்த நூல் இந்நேரம் குதிரையாகியிருக்கலாமே என்ற ஆட்சேபத்தையும் அவரே எழுப்பினார். அவ்வாறு நிகழாது என்னும் அறிவை இறைவன் நம்முள் படைத்துள்ளான் என விடையளித்தார். கணங்களைப் பிரித்தவர்கள் அவற்றைப் பிணைக்கும் நாட்டத்தைக் கைவிடவில்லை. த்லோனிலோ பிரிவு உண்டு, பிணைப்பவன் இல்லை.

அஷ்அரிகளின் விடை இறுதியானதும் அன்று. 1929இல் சென்னையில் தொடங்கிய தம் சொற்பொழிவுகளின் தொகுப்பான நூலில் அல்லாமா இக்பால் அதனைக் கண்டித்தார். காலம் கணங்களின் கோவை மட்டுமே எனில் இரு கணங்களுக்கிடையே வெற்றிடம் ஏற்படும் என்பது அவர் ஆட்சேபம். காலத்தைப் புறத்தே எண்ணுவதை விட்டு, அகத்தே வாழும் அனுபவத்தில் தேட வேண்டும் என்றார்.

போர்ஹேஸ் இவ்வபாயத்தை உணராதவரல்லர். கதையின் முடிவில் மனிதர்கள் த்லோனின் ஒழுங்கில் மயங்கி அதற்கு அடிபணிகின்றனர். புனையப்பட்ட கடந்தகாலம் உண்மை வரலாற்றின் இடத்தைப் பற்றிக்கொள்கிறது. இம்மயக்கத்தை நாசிசம் போன்ற கொள்கைகள் மீதான மயக்கத்தோடு கதைசொல்லியே ஒப்பிடுகிறான். நேற்றைய கொடுமையை மறைக்க விழையும் எவருக்கும் த்லோனின் மெய்யியல் உகந்ததே. ஆயினும் கதையில் ஒரு குறை உண்டு. காசைத் தொலைத்தவனும் கண்டெடுத்தவரும் அதில் உள்ளனர். திருப்பித்தரக் கடமைப்பட்டவன் இல்லை. அத்தகைய ஒருவன் இடம்பெற்றிருந்தால் விவாதம் தர்க்கத்தோடு நின்றிராது.

காலத்தின் மீது ஆணையிடும் ‘அல்-அஸ்ர்’ அத்தியாயம் மனிதனின் நஷ்டத்தைப் பேசுகிறது. நேற்றிருந்தவனும் இன்றிருப்பவனும் ஒருவனாக இருந்தாலன்றி நஷ்டம் என்ற சொல்லுக்குப் பொருளில்லை. த்லோன் அறிஞர்கள் அகராதியிலிருந்து நீக்க விரும்பியதும் இழப்பைக் குறிக்கும் சொல்லையே.