தேர்வடமும் அரசியல் கோட்பாடும்

சிங்கம்புணரியை நடுவில் வைத்து, காலையில் பஸ் ஏறினால் இரவுக்குள் வீடு திரும்பும் தொலைவுக்கு ஒரு வட்டம் போடுங்கள். புதுக்கோட்டை, சிவகங்கை, காரைக்குடி, மேலூர், உசிலம்பட்டி எல்லாம் அதற்குள் வந்துவிடும். இந்திய அரசியலை விளக்க உலகப் பல்கலைக்கழகங்களில் இன்று படிக்கப்படும் கோட்பாடுகளில் சில இந்த வட்டத்துக்குள் கிடைத்த செய்திகளைக் கொண்டு எழுந்தவை. பல ஊர்கள் சேர்ந்த நம் நாடுகளின் நாட்டார்களும், அவர்களின் தலைவர்களான அம்பலங்களும், கோயில் மரியாதையாகத் தலையில் கட்டும் பரிவட்டமும் அந்த நூல்களில் சான்றுகளாக நிற்கின்றன. நம் ஊர்களிலோ அவற்றைப் பற்றிப் பேச்சே இல்லை. அந்த வருத்தத்தில்தான் இந்த மலருக்கு இதை எழுதுகிறேன்.

கோட்பாடுகளை எடைபோட எனக்கு ஓர் அளவுகோல் உண்டு. தேர் ஓடும் ஊரில் முதல் மரியாதை யாருக்கு, வடத்தில் யார் கை வைக்கலாம், யார் சொல்லித் தேர் நகர்கிறது, இந்த வழக்கம் எப்போது எதனால் மாறுகிறது? இதற்கு விடை சொல்லத் தெரியாத கோட்பாடு நம் ஊராட்சித் தேர்தலையும் விளக்காது, நாட்டின் அரசியலையும் விளக்காது.

பிரெஞ்சு மானிடவியலாளர் லூயி துய்மோன் 1949–50இல் மதுரைக்கு மேற்கே பிரமலைக் கள்ளர்களிடையே தங்கி ஆய்வு செய்தார். 1966இல் வெளிவந்த ‘ஹோமோ ஹையரார்க்கிகஸ்’ நூலில் அவர் சொன்னது இது: சாதியின் அச்சு தூய்மை, தீட்டு என்ற வேறுபாடு, அதிகாரம் அதற்குக் கட்டுப்பட்டது, அரசன் புரோகிதனுக்கு ஒரு படி கீழே. கோயிலுக்குள் நுழையத் தடை ஏன் என்பதற்கு இதில் ஓரளவு விடை கிடைக்கும். பரிவட்டத்துக்காக ஒரே சாதிக்குள் இரண்டு குடும்பங்கள் கோர்ட்டு வரை போவது ஏன் என்று கேட்டால் இந்த நூலில் விடை இல்லை.

அந்த விடை புதுக்கோட்டையிலிருந்து வந்தது. நிக்கலஸ் டர்க்ஸ் தொண்டைமான் சமஸ்தானத்தின் இனாம் ஆவணங்களைப் புரட்டி, ஊர் ஊராக மக்களைக் கேட்டு எழுதிய ‘தி ஹாலோ கிரவுன்’ 1987இல் வெளியானது. இந்த வட்டாரத்தைப் பற்றி வந்த நூல்களில் ஒன்றைத்தான் படிக்க முடியும் என்றால் இதைத்தான் கையில் கொடுப்பேன். மன்னர் நிலம் கொடுத்தார், பட்டம் கொடுத்தார், விருதுகள் கொடுத்தார். அதைப் பெற்றவர் தம் நாட்டில் அம்பலமானார், கோயிலில் முதல் மரியாதை பெற்றார். யார் மேல் யார் கீழ் என்பதைத் தீட்டு மட்டும் தீர்மானிக்கவில்லை. அரசனோடு இருந்த உறவும் தீர்மானித்தது என்பது டர்க்ஸின் வாதம். ஆங்கிலேயர் கிரீடத்தைத் தலையில் விட்டுவைத்து, அதிகாரத்தை உருவிக்கொண்டார்கள். எஞ்சியவை சடங்கும் பட்டமும். கொடுக்க வேறெதுவும் இல்லாதபோது மரியாதைக்கான சண்டை கூர்மையானது.

சிவகங்கைக்கும் இது பொருந்தும். 1801 அக்டோபர் 24 அன்று மருது சகோதரர்களைத் திருப்பத்தூரில் தூக்கிலிட்ட கம்பெனி இங்கே ஜமீனை நிலைநிறுத்தியது. முதல் ஜமீன்தார் 1829இல் இறந்தார். வாரிசு வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், 1863இல் அவர் மகள் காத்தம நாச்சியார் பக்கம் தீர்ப்பானது. இந்துச் சொத்துரிமைச் சட்டம் படிப்பவர்கள் இன்றும் அந்தத் தீர்ப்பைப் படிக்கிறார்கள். ராமநாதபுரம், சிவகங்கை ஜமீன்களின் இப்படிப்பட்ட வழக்குகளை ஆராய்ந்த பமீலா பிரைஸ் 1996இல் வெளியிட்ட நூலில், அரச மரியாதை பற்றிய கருத்துகள் நீதிமன்றம் வழியாகவும் பொதுக்கூட்டம் வழியாகவும் நவீன அரசியலுக்குள் வந்து சேர்ந்ததைக் காட்டுகிறார். மாலையும் மேடையும் கட்அவுட்டும் சினிமா கொண்டுவந்தவை என்று நினைப்பவர்கள் அவசியம் படிக்க வேண்டும்.

அர்ஜுன் அப்பாதுரையும் கரோல் பிரெக்கன்ரிட்ஜும் 1976இல் எழுதிய கட்டுரையும் இதே வழியில் செல்வது: கோயிலில் தெய்வமே அரசர், மரியாதைகள் அவர் பகிர்ந்தளிக்கும் பங்கு. மண்டகப்படிக்கும் கட்டளைக்கும் இவ்வளவு போட்டி ஏன் என்பது அதைப் படித்தால் துலங்கும்.

செட்டிநாடு இன்னொரு பெரிய கோட்பாட்டை உரசிப் பார்த்த இடம். இந்து சமயமும் சாதியும் முதலாளித்துவம் தானாக முளைக்க இடம் தரவில்லை என்றார் மாக்ஸ் வெபர். நகரத்தாரை ஆராய்ந்த டேவிட் ரட்னர் 1994இல் நேர்மாறான சித்திரத்தைக் கொடுத்தார். இளையாற்றங்குடி, பிள்ளையார்பட்டி, வைரவன்பட்டி முதலான ஒன்பது நகரக் கோயில்களும், கல்யாண உறவுகளும், மகமையும் சேர்ந்துதான் பர்மா, இலங்கை, மலேயா வரை ஓடிய வட்டித்தொழிலுக்கு நம்பிக்கை என்னும் முதலைக் கொடுத்தன. சாதி அங்கே வியாபாரத்துக்குத் தடையாக இல்லை, அதன் எலும்புக்கூடாக இருந்தது.

கட்சி அரசியலை விளக்கியவர்களைச் சுருக்கமாகவே தொடுகிறேன். ரஜினி கோத்தாரி 1964இல் ‘காங்கிரஸ் அமைப்பு’ பற்றி எழுதினார். எல்லாப் பிரிவினரையும் உள்ளே இழுத்துக்கொள்ளும் ஒரே கட்சி என்ற அந்தச் சித்திரம், மூன்றே ஆண்டுகளில், 1967இல், சென்னை மாநிலத்தில் பொருந்தாமல் போயிற்று. திராவிட இயக்கத்தைப் பதவிப் போட்டியாகப் பார்த்தவர்கள் டேவிட் வாஷ்புரூக், கிறிஸ்டோபர் பேக்கர் முதலிய கேம்பிரிட்ஜ் அறிஞர்கள். பதவிக்கணக்கு பொய்யல்ல. ஆனால் சுயமரியாதை என்ற ஒரு சொல்லுக்காக வீட்டையும் உறவையும் பகைத்துக்கொண்டவர்களை அந்தக் கணக்கில் எந்தப் பத்தியில் எழுதுவது? வ. கீதாவும் எஸ்.வி. ராஜதுரையும் 1998இல் எழுதிய நூல் அந்த மனிதர்களுக்கு நியாயம் செய்தது. எம்.ஜி.ஆரை ஏழைகள் ஏன் தம்மவராக எண்ணினார்கள் என்று கேட்ட எம்.எஸ்.எஸ். பாண்டியனின் 1992ஆம் ஆண்டு நூலும் அவ்வகையில் முக்கியம்.

இப்போது கண்டதேவிக் கோயில் தேருக்கு வருவோம். உஞ்சனை, செம்பொன்மாரி, இறகுசேரி, தென்னிலை ஆகிய நான்கு நாட்டாருக்குரிய தேர் அது. 1990களின் பிற்பகுதியில் தலித் மக்கள் தங்களுக்கும் வடம் வேண்டும் என்றார்கள். உயர் நீதிமன்றம், கலெக்டர், போலீஸ் எல்லாம் வந்தும் தீராமல், தேர் பல ஆண்டுகள் ஓடாமல் நின்றது. 2024 ஜூனில், பெரும் போலீஸ் பாதுகாப்போடு ஓடியது. வடத்துக்கு ஏன் இவ்வளவு மதிப்பு என்பதை டர்க்ஸ் சொல்லிவிடுவார். கூலிக்காரனும் வடத்தை விட மறுப்பது ஏன் என்பதற்கு அம்பேத்கரிடம்தான் போக வேண்டும். சாதி படிநிலைச் சமத்துவமின்மை என்றார் அவர். ஒவ்வொருவருக்கும் கீழே ஒருவர் இருப்பதால், நசுக்கப்படுகிறவர்களும் ஒன்று சேர்வதில்லை. 1936இல் அச்சான ‘சாதி ஒழிப்பு’ உரையைத் தமிழில் கொண்டுவந்தவர் பெரியார். என் கணிப்பில் துய்மோனை விடவும் டர்க்ஸை விடவும் ஆழமாகப் பார்த்தவர் அம்பேத்கர், ஏனென்றால் அவர் மேலிருந்து கீழே பார்க்கவில்லை. நிலம் யார் கையில், கூலி யார் தருகிறார் என்று கேட்கும் மார்க்சியத்தையும் இங்கே தள்ள முடியாது. வடம் கேட்டால் மறுநாள் வேலை இல்லை என்ற பயம் பலரை வாய் மூட வைத்திருக்கிறது.

மேலவளவு நமக்குப் பக்கத்து ஊர்தான். 73ஆவது அரசியல் சட்டத் திருத்தம் வந்து, தனித்தொகுதியான ஊராட்சியில் தலைவராகத் தேர்வான முருகேசனும் உடனிருந்த ஐவரும் 1997 ஜூன் 30 அன்று வெட்டிக் கொல்லப்பட்டார்கள். மரியாதை என்று நாம் பெருமையாகச் சொல்வதன் மறுபக்கம் இது. சட்டம் நாற்காலியைக் கொடுத்தால் போதும் என்று நம்பிய தாராளவாதக் கோட்பாடு அன்று தோற்றது. ஆனால் அந்த நாற்காலி இல்லாமல் அடுத்த தலைமுறை எழுந்திருக்கவும் முடியாது என்பதை அது சரியாகவே சொல்லியிருந்தது.

இன்னும் யாரும் சரியாகக் கணக்கில் எடுக்காத மாற்றம் ஒன்று கண்முன் நடக்கிறது. 2016இல் தமிழ்நாட்டு உள்ளாட்சிகளில் பெண்களுக்கு 50 சதவீத இடம் சட்டமானது. அம்பலம் என்ற சொல்லே ஆண்களைக் குறித்து வந்த நாட்டில், ஊராட்சித் தலைவியாக ஒரு பெண் கோயில் கூட்டத்தில் எங்கே உட்காருகிறார்? கயிற்றுத் தொழிலில் கூலி வாங்கும் நம்மூர்ப் பெண்களிடம் அவர் ஓட்டுக் கேட்கும்போது எந்த உறவைச் சொல்லிக் கேட்கிறார்? கிராமசபைத் தீர்மானப் புத்தகங்களிலும், கோயில் மரியாதை வழக்குகளின் கட்டுகளிலும், நாடுகளின் எல்லை இன்னும் நினைவிலிருக்கும் பெரியவர்களின் வாய்மொழியிலும் இதற்கான சான்றுகள் கிடக்கின்றன. அழகப்பா பல்கலைக்கழகத்திலும் திருப்பத்தூர், சிங்கம்புணரிப் பள்ளிகளிலும் படிக்கும் நம் பிள்ளைகள் நோட்டுப் புத்தகத்தோடு இவற்றைத் தேடிப் போக வேண்டும். பெரியவர்களிடம் முதலில் போகட்டும். தீர்மானப் புத்தகங்கள் சில ஆண்டுகள் பொறுக்கும்.