இருபதாயிரம் வாக்குகள்

2015 ஆகஸ்ட் 17ஆம் திகதி நடைபெற்ற பாராளுமன்றத் தேர்தலில் இலங்கை மக்கள் அளித்த செல்லுபடியான வாக்குகள் 1 கோடியே 11 இலட்சத்துக்கும் மேற்பட்டவை. அவற்றுள் கலகொட அத்தே ஞானசார தேரரின் கட்சிக்குக் கிடைத்தவை 20,377. நூற்றுக்குக் கணக்கிட்டால் 0.18. ஓர் ஆசனந்தானும் இல்லை. இந்த எண் பத்திரிகையில் வெளிவந்த அன்று ஏறாவூர்ச் சந்தியிலுள்ள தேநீர்க் கடையில் ஒருவர் உரக்க வாசித்தார், சுற்றியிருந்தோர் சிரித்தனர். "கதை முடிஞ்சிது காக்கா" என்று கையை உதறினார் ஓர் இளைஞர். நாமும் சிரித்தோம். அந்தச் சிரிப்பு எவ்வளவு பெரிய தவறு என்பதைச் சொல்வதற்காகவே இதை எழுத நேர்ந்திருக்கிறது.

இந்தத் தேரரைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் இரு வகையினர். ஒரு சாரார் அவரை நிதானமிழந்த ஒரு தனிமனிதராகக் கண்டு ஒதுக்கிவிடுகின்றனர். மறுசாரார் அவரைக் கயிற்றில் ஆடும் பொம்மையாகக் கண்டு, கயிற்றைப் பிடித்த கை எது என்று துப்பறியப் புறப்பட்டுவிடுகின்றனர். இரண்டும் சோம்பலான வாசிப்புகள் என்பது நமது கருத்து. முதலாவது, சமூகத்தை மறந்துவிடுகிறது. இரண்டாவது, அந்த மேடையின் முன்னே ஆயிரக்கணக்கில் திரண்ட மக்களை மறந்துவிடுகிறது. விளிம்பில் நிற்கும் அரசியல்வாதி ஒருவரின் வாழ்வை அவர் பெற்ற வாக்குகளைக் கொண்டு அளக்க முடியாது. அவர் கேட்டவற்றுள் எவையெவை அவருக்கு வாக்கில்லாமலே வழங்கப்பட்டன என்பதே அளவுகோல். இந்தக் கோலை வைத்து அளந்தால் நாம் சிரித்திருக்கமாட்டோம்.

பேச்சே அவரது ஆயுதமாதலால், ஓர் இலக்கியப் பத்திரிகை அதனைச் சொல்லிலிருந்து தொடங்கி ஆராய்வதே முறை. 2012இல் அமைக்கப்பட்ட அவரது இயக்கத்தைத் தமிழ்ப் பத்திரிகைகள் 'பொது பல சேனா' என்று எழுதுகின்றன. சிங்களத்தில் அந்த முதற் சொல் பௌத்தத்தைக் குறிப்பது. தமிழெழுத்தில் வந்தவுடன் அது எல்லோர்க்கும் உரிய 'பொது' ஆகிவிடுகிறது. எல்லோர்க்கும் உரித்தாகாததையே இலட்சியமாகக் கொண்ட இயக்கத்துக்குத் தமிழ் அறியாமற் சூட்டிய இந்தப் பெயரைப்போல் கசப்பான நகைச்சுவை வேறில்லை. (அந்தத் தேர்தலில் அது பூண்ட 'பொது ஜன பெரமுன' என்ற பெயரை, ராஜபக்ஷ குடும்பத்தினரின் பிற்காலக் கட்சியோடு வாசகர் குழப்பிக்கொள்ளலாகாது.)

இன்னொரு சொல்லையும் கவனிப்போம். முஸ்லிம்களைச் சுட்ட அம்மேடைகளில் 'மரக்கல' என்ற சொல் இழிவாக உமிழப்பட்டது. மரக்கலம் என்பது நமது சொல். கடலோடிகளை அவர்கள் வந்த கலத்தின் பெயரால் அழைத்த பழைய வழக்கு அது. அதில் பகையில்லை; ஒரு தொழிலின் மணமே இருந்தது. அச்சொல்லைப் பிடுங்கி, "நீ வந்தவன், வந்த வழியே போ" என்னும் பொருளை அதனுள் திணித்தது ஒருவரின் வேலையன்று, ஒரு காலத்தின் வேலை.

ஆனால் 2014 ஜூன் 15ஆம் திகதி அளுத்கமவில் நிகழ்ந்தது சொல்லை மாசுபடுத்துதல் மட்டுமன்று. சிங்கள பௌத்தர் ஒருவரையொருவர் வாழ்த்தும்போது 'தெருவன் சரணை' என்பர். மும்மணிகள் உனக்குப் புகலாகுக என்பது அதன் கருத்து. சரண் என்றால் என்னவென்று தமிழனுக்கு விளக்கவேண்டியதில்லை. அன்றைய மேடையில் தேரர் அந்த வாழ்த்தைத் தலைகீழாக்கினார். சிங்களவர் ஒருவர்மீது இனிக் கை வைத்தால் அவர்கள் கதி 'அப சரணை' என்றார். புகல் என்ற சொல்லுக்கு முன்னே ஓரிரண்டு எழுத்துகளைச் சேர்த்துப் புகலின்மையாக்கிவிட்டார். கூட்டம் ஆர்ப்பரித்தது. அன்று மாலையும் இரவும் அளுத்கமவிலும் தர்கா நகரிலும் பேருவளையிலும் வீடுகளும் கடைகளும் எரிந்தன, உயிர்கள் பறிபோயின. சாபம் பலித்தது என்று கூறுவது மூடநம்பிக்கை. சாபத்தைச் செயலாக்கக் காத்திருந்த கைகளுக்கு அனுமதி கிடைத்தது என்பதே உண்மை.

அனுமதி ஒரே நாளில் பிறப்பதில்லை. 2013 மார்ச் மாதத்தைத் திரும்பிப் பாருங்கள். ஹலால் முத்திரைக்கு எதிராகச் சேனா ஊர் ஊராகக் கூட்டம் நடத்திய காலம் அது. அந்த மாதத்தில், காலியில் அவ்வியக்கம் நிறுவிய பயிற்சி நிலையத்தின் திறப்பு விழாவுக்குப் பிரதம விருந்தினராகச் சென்றவர் அப்போதைய பாதுகாப்புச் செயலாளர் கோட்டாபய ராஜபக்ஷ. அதே மாதத்தில், உள்நாட்டுப் பொருள்களுக்கு ஹலால் முத்திரை வழங்குவதைத் தான் கைவிடுவதாக அகில இலங்கை ஜம்இய்யத்துல் உலமா அறிவித்தது. பாராளுமன்றத்தில் ஒரு பிரேரணை இல்லை. ஒரு வாக்கெடுப்பு இல்லை. பிஸ்கற் பெட்டியின் மேலிருந்த ஒரு சிறு வட்டம் மறைந்தது, அவ்வளவே. பெட்டிக்குள் இருந்த பண்டத்தின் விலை ஏறுவதை மட்டும் எந்தச் சேனையும் தடுக்கவில்லை.

இந்தக் கதையில் நம் மனத்தை அதிகம் உறுத்துவது வேறோர் இடம். கேலிச்சித்திரக்காரரும் பத்திரிகையாளருமான பிரகீத் எக்னெலிகொட 2010 ஜனவரி 24ஆம் திகதி காணாமற்போனார். அவர் மனைவி சந்தியா, கணவனைத் தேடி நீதிமன்றம் நீதிமன்றமாக நடந்தவர். சிங்களப் பெண்; பௌத்த நாட்டின் பெரும்பான்மைச் சமூகத்தில் பிறந்தவர். 2016 ஜனவரியில் ஹோமாகம நீதிமன்ற வளவில் இந்தப் பெண்ணைத்தான் தேரர் அச்சுறுத்தினார். சிங்களவரைக் காப்பதே தம் பணி என்றவர், எழுத்தாளன் ஒருவனின் மனைவியான சிங்களத் தாயைக் காக்கவில்லை. அவளுடைய கணவனைக் கடத்தியதாகச் சந்தேகிக்கப்பட்ட இராணுவப் புலனாய்வாளர்களின் பக்கம் நின்றார். இனத்தின் பெயரால் எழும் அரசியல் கடைசியில் எந்தப் பக்கம் போய் நிற்கும் என்பதை இதைவிடத் துலாம்பரமாக எந்த நாவலும் காட்டியதில்லை. 2018இல் அச்சுறுத்தலுக்காகவும், பின்னர் நீதிமன்ற அவமதிப்புக்காகவும் தீர்ப்புகள் வந்தன. அவமதிப்புக்கு ஆறாண்டுச் சிறை. ஆனால் 2019 மே மாதத்தில் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன பொதுமன்னிப்பு அளித்தார். உயிர்த்த ஞாயிறுக் குண்டுகள் வெடித்து ஒரு மாதமே கழிந்திருந்தது.

விடுதலையாகிச் சில நாட்களில், ஜூன் 3ஆம் திகதி, கண்டியில் அத்துரலியே ரதன தேரர் உண்ணாவிரதமிருக்க, ஞானசார தேரர் காலக்கெடு விதித்தார். அன்றே கிழக்கு, மேல் மாகாணங்களின் முஸ்லிம் ஆளுநர் இருவரும் பதவி விலகினர். முஸ்லிம் மந்திரிகளும் ஒருசேர விலகினர். 20,377 வாக்குப் பெற்றவரின் சொல்லுக்கு ஓர் அரசாங்கம் ஒரு பகற்பொழுதில் பணிந்தது. 2020 தேர்தலில் அவர் சார்ந்துநின்ற கட்சி 67,758 வாக்குகளால் ஒரே ஒரு தேசியப் பட்டியல் ஆசனத்தைப் பெற்றது. அந்த ஓர் ஆசனத்துக்காகத் தேரர்கள் தம்முள் மாதக்கணக்கில் சண்டையிட்டனர். இறுதியில் அது ரதன தேரருக்குப் போயிற்று. அதைக் கண்டும் பலர் சிரித்தனர். மறு ஆண்டு, 2021 ஒக்டோபரில், 'ஒரே நாடு ஒரே சட்டம்' என்ற ஜனாதிபதி செயலணிக்கு ஞானசார தேரரைத் தலைவராக நியமித்தார் ஜனாதிபதி கோட்டாபய ராஜபக்ஷ. நீதிமன்றத்தை அவமதித்ததற்காகத் தண்டிக்கப்பட்டவர், நாட்டின் சட்டத்தைச் சீரமைக்கும் குழுவுக்குத் தலைவர்! முதலில் அறிவித்த பதின்மூவரில் ஒரு தமிழர் இல்லை. ஒரு பெண் இல்லை.

இது புதுமையன்று. வெலிமடையின் கே. எம். பி. ராஜரத்னவை இன்று எத்தனை பேர் நினைவில் வைத்திருக்கின்றனர்? 1958 மேயில் நாடு எரிந்தபோது, பண்டாரநாயக்கா அரசாங்கம் தமிழரசுக் கட்சியோடு சேர்த்துத் தடைசெய்தது இவருடைய ஜாதிக விமுக்தி பெரமுனவைத்தான். 1965இல் அக்கட்சிக்குக் கிடைத்தது ஓர் ஆசனம். ஆயினும் டட்லி சேனாநாயக்காவின் ஏழு கட்சிக் கூட்டில், தமிழரசுக் கட்சி அமர்ந்த அதே பந்தியில், அதற்கும் இலை விரிக்கப்பட்டது. பிரித்தானியாவிலும் இதே நாடகந்தான். அங்கே தேசிய முன்னணி என்ற நிறவெறிக் கட்சி 1979 தேர்தலில் 303 வேட்பாளரை நிறுத்தி, நூற்றுக்கு 0.6 வாக்குடன் எங்கும் வெல்லாமல் மண்கவ்வியது. அதற்கு முந்திய ஆண்டே, வந்தேறிகளால் நாடு மூழ்கடிக்கப்படும் என்று மக்கள் அஞ்சுவதாகத் தொலைக்காட்சியிற் பேசிவிட்டார் மார்கரெட் தாட்சர். முன்னணிக்குச் செய்வதற்கு என்ன மிஞ்சியிருந்தது? 1981இல் தாட்சர் அரசாங்கம் குடியுரிமைச் சட்டத்தை இறுக்கியது. விளிம்பில் நிற்பவன் தோற்றுவிட்டான் என்றால், அவன் சரக்கைப் பெரிய கடைக்காரன் வாங்கிவிட்டான் என்றும் பொருள் இருக்கலாம்.

இவற்றையெல்லாம் எழுதும்போது ஏறாவூர்க்காரன் தன் ஊரையும் எண்ணியாகவேண்டும். முக்குவரும் பட்டாணியரும் ஒன்றுசேர்ந்து திமிலரைத் துரத்தி, அவர் மீண்டும் ஏறாதபடி காவல் வைத்தமையால் இந்தப் பெயர் வந்தது என்று நம் முதியோர் கதை சொல்வர். கதையின் உண்மை எப்படியாயினும், தமிழரும் முஸ்லிம்களும் சேர்ந்து நின்றதைப் பெருமையாகச் சொல்லும் கதை அது. அதே ஊரில் 1990 ஆகஸ்ட் 12இன் இருளில் விடுதலைப் புலிகள் நூற்றுக்கு மேற்பட்ட முஸ்லிம்களைக் கொன்றனர், குழந்தைகளையும் விடவில்லை. அடுத்த மாதம் சத்துருக்கொண்டானில் நூற்றெண்பதுக்கு மேற்பட்ட தமிழர் இராணுவ முகாமொன்றில் மாண்டனர். இரண்டு பட்டியலிலும் பச்சிளங் குழந்தைகள். பின்னர், அளுத்கம எரிந்தபோது, "முஸ்லிம்களுக்கு வேண்டும்" என்று முணுமுணுத்த தமிழரையும் நாம் கேட்டோம். காத்தான்குடியில் சஹ்ரான் சூபிகளைத் தாக்கியபோது, அது அவர்களுடைய உள்வீட்டுச் சண்டை என்று முகந்திருப்பிய முஸ்லிம்களையும் கண்டோம். 2019இல் மட்டக்களப்பு சீயோன் தேவாலயத்தில் ஞாயிறு வகுப்பு முடிந்து நின்ற பிள்ளைகள் மாண்டபோது அந்த மௌனத்தின் விலை தெரிந்தது. சஹ்ரானும் தேரரும் ஒருவருக்கொருவர் தீனி போட்டு வளர்த்துக்கொண்ட பிராணிகள்.

செயலணியின் அறிக்கை 2022 ஜூன் இறுதியில் கையளிக்கப்பட்டது. இரண்டு வாரத்தில் அதைப் பெற்றவர் நாட்டைவிட்டே ஓடினார். 2016இல் கூரகலை பற்றிப் பேசி இஸ்லாத்தை இழிவுபடுத்தியமைக்காக 2024 மார்ச்சில் கொழும்பு மேல் நீதிமன்றம் தேரருக்கு நான்காண்டுக் கடூழியச் சிறை விதித்தது. பின்னர் பிணை கிடைத்தது. 2025 ஜனவரியில் வேறொரு வழக்கில் ஒன்பது மாதம். இவற்றைக் கேட்டு நம்மூரில் மறுபடியும் "கதை முடிஞ்சிது" என்றனர்.

முடியவில்லை. 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் திருத்தப்படவேண்டும் என்று முஸ்லிம் பெண்கள் பல்லாண்டுகளாகக் கேட்டு வந்தனர். மணமகள் தன் திருமணப் பதிவிற் கையொப்பமிட வேண்டும், பெண்ணும் காதி நீதவானாகலாம், சிறுமியரை மணமுடித்துக் கொடுத்தல் ஆகாது என்பவை அவர்கள் கோரிக்கை. 2009இல் அமைக்கப்பட்ட சலீம் மர்சூப் குழு ஒன்பது ஆண்டுக்குப் பின்னரே அறிக்கை தந்தது. சேனாவின் செயலணி பிறப்பதற்கு நெடுங்காலம் முன்பே எழுந்த குரல் அது. தன் வீட்டுக்குள்ளிருந்தே எழுந்த நேர்மையான குரல்.

நாம் முன்னர் படிப்பித்த பெண்ணொருத்தி, பதினைந்து வயதில் மணமுடிக்கப்பட்டவள், அண்மையில் ஒரு மனுவை எழுதுவித்துக்கொள்ள வந்தாள். ஜீவனாம்சம் கேட்டு நான்கு ஆண்டாகக் காதி நீதிமன்றத்துக்கு நடக்கிறாள். பள்ளிவாசற் பெரியவர்களிடமும் போயிருக்கிறாள். சட்டம் மாறவேண்டும் என்று அங்கே ஒரு வார்த்தை சொல்லிவிட்டாளாம்.

"நான் ஆமதுருட வாயால பேசுறேனாம், சேர்" என்றாள்.

தாளை மேசைமேல் விரித்து, அவளுடைய பெயரையும் விலாசத்தையும் கேட்டு எழுதத் தொடங்கினோம்.