அங்கொடையும் புளியங்குளமும்: மனநோய் வரலாறு எழுதப்பட்ட முறை

ஊர்ப்பெயர்கள் சில மக்கள் வாயில் வசைச்சொற்களாக மாறிவிடுவதுண்டு. தமிழ்நாட்டிலே கீழ்ப்பாக்கம் என்னும் பெயருக்கு நேர்ந்தது, இலங்கையிலே அங்கொடை என்னும் பெயருக்கும் நேர்ந்தது. பேச்சிலே சற்று நிலை தவறியவனைப் பார்த்து, 'இவனை அங்கொடைக்குத்தான் அனுப்பவேணும்' என்று சொல்லும் வழக்கம், அவ்வூரை ஒருநாளும் கண்டிராத வன்னி மக்களிடத்தும் உண்டு. வவுனியாவிற்கு வடக்கே, ஓமந்தைக்கும் கனகராயன்குளத்திற்கும் இடையிலே, கண்டி வீதியை ஒட்டிக் கிடக்கும் புளியங்குளத்திலிருந்து அங்கொடை 250 கிலோமீற்றருக்கும் அப்பாலுள்ளது. இத்துணைத் தொலைவிலிருந்த ஒரு மருத்துவமனை, தன் வாயிலை மிதியாதவர்களின் வாழ்க்கையையும் எவ்வாறு ஆண்டது? மனநோயின் சமூக வரலாற்றை எழுதியோருட் பலர் கேட்கத் தவறிய வினா இதுவேயாகும்.

எழுதப்பட்ட வரலாறு பெரிதும் கட்டடங்களின் வரலாறாகவே இருக்கின்றது. முதலில் ஹெந்தளைத் தொழுநோய் மருத்துவமனையின் ஒரு பகுதியில் மனநோயாளர் வைக்கப்பட்டனர். 1847-இல் பொரளையில் அவர்களுக்கெனப் புகலகம் அமைந்தது. அது நிரம்பி வழியவே, 1880-களில் கறுவாத்தோட்டத்தில் வேறொன்று எழுந்தது. அதுவும் நிரம்பியபின், 1920-களின் பிற்பகுதியில் அங்கொடை வந்தது. 1950-களில் முல்லேரியா சேர்ந்தது. ஒவ்வொன்றும் முன்னையதன் நெருக்கடிக்கு மருந்தாகக் கட்டப்பட்டு, விரைவிலே தானும் நெருக்கடிக்கு ஆளாயிற்று. 1930-களின் பிற்பகுதியில் இலண்டன் மோட்ஸ்லி மருத்துவமனையைச் சேர்ந்த எட்வர்ட் மாப்பொதர் என்னும் மருத்துவ அறிஞர் அழைக்கப்பட்டு, அங்கொடையைப் பார்வையிட்டு, அதன் நெருக்கடியைக் கடுமையாகக் கண்டித்து அறிக்கை எழுதினார். 1939-இல் கொழும்புப் பொது மருத்துவமனையில் வெளிநோயாளர் பிரிவு திறக்கப்பட்டது. இவ்வளவும் மெய்யான செய்திகளே. ஆயினும் இவையனைத்தும் கொழும்பைச் சுற்றி ஒரு சில மைல் வட்டத்துள் நிகழ்ந்தவை. இவ்வட்டத்தின் வரலாற்றையே நாட்டின் வரலாறு என்று கொள்வது, குளத்தை அளந்து மழையை அளந்துவிட்டதாகக் கருதுவது போன்றது.

கட்டடத்தைவிடத் தொலைதூரம் சென்றது சட்டம். சித்தசுவாதீனமற்றோர் பற்றிய 1873-ஆம் ஆண்டுக் கட்டளைச்சட்டம் நோயாளியை நீதிமன்றத்தின் முன் நிறுத்தியது. மருத்துவர் சான்று கூற, நீதிபதி ஒருவரே அவன் நிலையைத் தீர்மானிக்க வேண்டும் என்றது. 1956-இல் அதன் பெயர் உளநோய்கள் கட்டளைச்சட்டம் என்று திருத்தப்பட்டது. பெயர் திருந்திய அளவிற்குப் பொருள் திருந்தவில்லை. ஒருவனைத் தடுத்து வைப்பதற்கு முன் நீதிமன்றம் விசாரிக்க வேண்டும் என்பதில் நன்மையும் உண்டு என்பதை மறுத்தலாகாது. உறவினர் காணியாசையால் ஒருவனைப் பைத்தியக்காரன் ஆக்கிவிடாதபடி அது காவலாயிற்று. ஆனால் புளியங்குளத்துக் கமக்காரன் ஒருவன் கண்ணில் அது எவ்வாறு தோன்றியிருக்கும்? தன் மகனை வைத்தியரிடம் காட்டுவதற்கு முன் பொலிசாரிடமும் நீதிபதியிடமும் காட்டவேண்டியவனாகின்றான். நோய் குற்றமாகவும், நோயாளி கைதியாகவும் ஊரார் கண்ணுக்குத் தோன்றியதற்கு மக்களின் அறியாமை மட்டுமே காரணம் என்று எழுதுவோர் இச்சட்டத்தை ஒருமுறை எண்ணிப் பார்த்தல் தகும்.

1905-இல் வடபகுதிப் புகைவண்டிப் பாதை நிறைவெய்தியது. அதன்பின் நோயாளியைக் கொண்டுசெல்ல வழி பிறந்தது. போய்ப் பார்த்து வரக் காசும் நாளும் பிறக்கவில்லை. விதைப்பையும் வெட்டையும் விட்டு, கூலியை இழந்து, மொழி தெரியாத ஊரில் இரவு தங்கி, ஒரு மணி நேரம் மகனைக் கண்டு திரும்புவது ஏழைக் குடும்பத்திற்கு ஆண்டுக்கு ஒருமுறையும் இயலாத காரியம். வார்டிலோ பேச்சு பெரிதும் சிங்களம். பேச்சே நோயின் சான்றாகவும் மருந்தின் பாதியாகவும் இருக்கும் துறையிலே, தன் பேச்சு விளங்காத இடத்தில் ஒருவன் கிடப்பதென்பது சிறிய இடர்ப்பாடன்று. ஆகவே அனுப்புதல் என்பது வன்னியில் பிரிதலுக்கு ஒப்பான சொல்லாயிற்று.

பிரெஞ்சு அறிஞர் மிஷெல் பூக்கோ 1961-இல் வெளியிட்ட பெருநூல், ஐரோப்பாவில் அறிவு கோலோச்சிய காலமே பித்தரை அடைத்து வைத்த காலமும் ஆகும் என்று வாதித்தது. அதனைப் படித்த கீழைநாட்டு ஆய்வாளர் பலர், குடியேற்ற ஆட்சியும் இங்கே அவ்வாறே அடைத்தது என்று எழுதலாயினர். இவ்வாதம் கவர்ச்சியானது, வன்னிக்குப் பொருந்தாதது. இங்கே நிகழ்ந்தது பெரும் அடைப்பன்று, பெரும் கைவிடுகை. ஆட்சியாளர் தெருவில் திரிந்து அமைதியைக் குலைத்தவரை மட்டுமே நாடினர். வீட்டுக் கோடியில் இருந்தவர்களை அவர்கள் தேடவே இல்லை. பூக்கோவின் நூலைப் பழிப்பது இங்கு நோக்கமன்று. 1656-ஆம் ஆண்டுப் பாரிசு மாநகரத்திற்கென அவர் தைத்த சட்டையை அளவெடுக்காமல் புளியங்குளத்திற்கு மாட்டியவர்களே பழிக்கத்தக்கோர்.

இனி, மக்கள் கையாண்ட சொற்களுக்கு வருவோமாயின், அங்கே வளம் மிகுதி. வன்னியிலும் யாழ்ப்பாணத்திலும் 'விசர்' என்பதே பெருவழக்கு. வெறிநாயையும் விசர்நாய் என்றே சொல்வர். ஆகவே அச்சொல்லிலே அச்சம் ஒட்டிக்கொண்டுள்ளது. காய்ச்சல் கடுமையாகிப் பிதற்றும் நிலை 'சன்னி'. மலேரியா நெடுங்காலம் ஆட்சி செய்த வன்னியிலே, பிதற்றுகின்றவனைக் கண்டதும் முதலில் நெற்றியைத் தொட்டுப் பார்த்தல் அறிவுடைச் செயலாகவே இருந்தது. 'பேய் பிடித்தல்' என்பது பார்வை பார்த்தல், நூல் கட்டுதல், கழிப்புக் கழித்தல் ஆகியவற்றிற்கு உரியது. 'சுகமில்லை' என்பது மானங் காக்கும் சொல். கலியாணம் பேச வந்தவர் முன் அதுவே பயின்றது. இச்சொற்களுக்கெல்லாம் மேலே நிற்பது 'பித்து'. சிவபெருமானையே பித்தன் என விளித்துச் சுந்தரர் பாடத் தொடங்கினார் என்பது சைவப் பிள்ளைகள் அனைவரும் அறிந்தது. நல்லூர்த் தேரடியில் இருந்த செல்லப்பா சுவாமியை ஊரார் 'விசர்ச் செல்லப்பா' என்றனர். யோகர் சுவாமி அவரிடத்தே குருவைக் கண்டார்.

இதனைக் காட்டி, தமிழர் சமயம் பித்தரை மதித்தது என்று மகிழ்ந்தெழுதும் கட்டுரைகள் பல. அம்மகிழ்ச்சிக்கு அளவு வேண்டும். செல்லப்பருக்குக் கிடைத்த தேரடி, ஆண்மகனுக்குக் கிடைத்தது. உண்மையில் நோயுற்றிராத ஞானிக்குக் கிடைத்தது. விரிதலையாய்த் தெருவிற்கு வந்த பெண்ணுக்கு எந்தத் தேரடியும் இடங் கொடுத்ததில்லை. அவள் வீட்டின் பின்னறைக்கே உரியவளானாள். உவமையிலே பித்தைப் போற்றிய சமுதாயம், கோடிப்புறத்திலே அதனைக் கட்டி வைத்ததும் உண்டு. இரண்டையும் ஒருசேரச் சொல்லாத நூல் பாதி நூலேயாகும்.

குடும்பப் பராமரிப்பைப் போற்றுவோர்க்கு அறிவியற் சான்று ஒன்றும் கிடைத்தது. நான்சி வாக்ஸ்லர் என்னும் அமெரிக்க ஆய்வாளர், இலங்கையில் மனச்சிதைவு நோயாளரை ஐந்தாண்டுகள் பின்தொடர்ந்து, அவர்கள் தொழில்வள நாடுகளின் நோயாளரினும் நன்கு தேறினர் என 1979-இல் எழுதினார். குடும்பம் நோயாளியை ஒதுக்காது, நோய் நீங்கும் என நம்பி, அவனுக்குரிய வேலையையும் இடத்தையும் வைத்திருந்தமையே காரணம் என்பது அவர் துணிபு. நல்ல ஆய்வு, மேலைநாட்டுச் செருக்கைச் சற்று அடக்கிய ஆய்வு. ஆயினும் அவர் கண்டோர் மருத்துவமனையை ஒருமுறையேனும் எட்டியவர்கள். எட்டாதவர் கணக்கில் வரார். அன்றியும், தாங்கியது 'குடும்பம்' என்று பொதுவிற் சொல்லும்போது, அக்குடும்பத்தினுள்ளே தாங்கியவர் யார் என்பது மறைந்துவிடுகின்றது. இரவில் விழித்திருந்தவள் தாய். தாய் மறைந்தபின் தமக்கை. தமக்கையின் கலியாணம் தள்ளிப்போனமைக்கும் அதுவே காரணம். 1977-ஆம் ஆண்டு வன்செயலின்பின் மலையகத்திலிருந்து பெயர்ந்து வவுனியாப் புறங்களில் குடியேறிய குடும்பங்களுக்கோ, கைமாற்றி உதவச் சுற்றமும் அருகில் இருந்ததில்லை. போற்றப்படும் அக்குடும்பம் எல்லார்க்கும் வாய்த்ததன்று.

கோயிலைப் பற்றியும் இதே தெளிவு தேவை. புளியங்குளத்தை அடுத்த புதூர் நாகதம்பிரான் கோயிலுக்கு நேர்த்தி வைத்துப் பொங்கல் செய்வது வன்னி மக்களின் பழைய வழக்கம். உடல்நோய், மனநோய் என்னும் பிரிவு நேர்த்திக்கடனில் இல்லை. இவ்வழக்கங்களை மூடநம்பிக்கை என ஒரு சாரார் தள்ளுவர். மருந்தினும் சிறந்தது என மறுசாரார் கொள்ளுவர். கடலுக்கு அப்பால் தமிழ்நாட்டில் ஓராண்டு இடைவெளியில் வெளியான இரு செய்திகள் இவ்வழக்கைத் தீர்க்கப் போதியவை. 2002-இல் பிரித்தானிய மருத்துவ இதழில் வெளிவந்த ஓர் ஆய்வு, முத்துசுவாமி கோயிலில் சராசரி ஆறு வாரம் தங்கிய 31 பேரின் நோய்க்குறிகள், மருந்தின்றியே ஏறக்குறைய 20 சதவீதம் தணிந்தன என்று காட்டியது. அங்கே பேயோட்டும் சடங்கு ஏதும் நடைபெறவில்லை. கூட்டுதல், செடிக்கு நீரூற்றுதல் போன்ற எளிய வேலையும், வழிபாடும், அமைதியான இடமுமே இருந்தன. அதற்கு முந்திய ஆண்டு, 2001 ஆகஸ்ட் 6-ஆம் நாள், இராமநாதபுரம் மாவட்டத்து ஏர்வாடியில், தர்காவை நாடி வந்தோரை வைத்திருந்த தனியார் விடுதியொன்றில் தீப்பற்றியது. சங்கிலியால் பிணிக்கப்பட்டிருந்தமையால் ஓட இயலாது 28 பேர் மாண்டனர். தர்கா அவ்விடுதியை நடத்தவில்லை. நம்பிக்கையை அண்டிப் பிழைத்த வாணிகமே நடத்தியது. கோயிலில் நோயாளியோடு உறவினர் பெரும்பாலும் உடன் தங்கியிருந்தனர். ஏர்வாடி விடுதியிலோ நோயாளியை விட்டுச் சென்றிருந்தனர். சாமி இருந்ததா இல்லையா என்பதினும், மனிதர் உடனிருந்தனரா என்பதே வேறுபாடாயிற்று.

உடனிருத்தலும் தனித்து நிகழ்வதன்று. பெல்ஜியத்தில் கெயில் என்னும் ஊரில், புனித டிம்ப்னாவின் கோயிலை நாடி வந்த மனநோயாளரை ஊரார் தம் வீடுகளில் வைத்துப் பராமரிக்கும் வழக்கம் இடைக்காலந்தொட்டு உள்ளது. குடும்பப் பராமரிப்பிற்கு எடுத்துக்காட்டாக உலகெங்கும் பேசப்படும் ஊர் அது. பேசுவோர் பலர் விட்டுவிடும் செய்தி ஒன்றுண்டு: அக்குடும்பங்களுக்கு உதவிப்பணம் உண்டு, நோய் மிகுந்தால் ஏற்றுக்கொள்ள ஊரிலேயே மருத்துவமனை உண்டு. வீட்டிற்குப் பின்னால் மருத்துவமனை நின்றமையால் வீடு தாங்கிற்று. புளியங்குளத்து வீட்டிற்குப் பின்னால் நின்றது 250 கிலோமீற்றர் வெளி. அங்கே குடும்பம் தாங்கியதைப் பண்பாட்டின் சிறப்பு என்று மட்டும் எழுதுவது, ஆற்றில் விழுந்தவன் நீந்தியதை விளையாட்டு என்று எழுதுவதை ஒக்கும்.

பின்னர்ப் போர் வந்தது. 1990-இல் வவுனியாவிற்கு வடக்கே புகைவண்டி நின்றது. 1997 மே மாதம் தொடங்கிய ஜயசிக்குறு நடவடிக்கையில் புளியங்குளம் போர்க்களமாகி, மக்கள் காடுகளுக்கும் உள்ளூர்களுக்கும் சிதறினர். 2002-இல் வீதி திறந்தபோது புளியங்குளத்திலே விடுதலைப் புலிகளின் சோதனைச்சாவடியும், ஓமந்தையிலே இராணுவத்தின் சோதனைச்சாவடியும் நின்றன. 2009-இல் இரண்டரை இலட்சத்திற்கும் மேற்பட்டோர் செட்டிகுளம் மெனிக்பாம் முதலிய முகாம்களில் அடைபட்டனர். பூக்கோ சொன்ன அடைப்பு வன்னிக்கு அப்போதுதான் வந்தது, அடைக்கப்பட்டோர் பித்தரல்லர்.

இக்காலத்தை எழுதியவருள் தலைசிறந்தவர் மருத்துவப் பேராசிரியர் தயா சோமசுந்தரம். 1993-இல் வந்த 'மனவடு' என்னும் தமிழ்நூல், ஆசிரியரும் ஊர்த்தொண்டரும் படித்துக் கையாளத்தக்க எளிய நடையில், துன்பத்திற்குத் தமிழிலே பெயர் கொடுத்தது. பெயர் கொடுத்தலும் ஒரு மருத்துவமே. வன்னியைப் பற்றி 2010-இல் அவர் வெளியிட்ட ஆய்வு, தனியாளின் வடுவைக் கடந்து, ஊரும் உறவும் நம்பிக்கையும் ஒருங்கே முறிந்த கூட்டு மனவடுவை விளக்கியது. முன்னைய ஆய்வாளர் போற்றிய குடும்பம் என்னும் அரணே உடைந்தது என்பதை இத்துணைத் தெளிவாக வேறெவரும் சொன்னதில்லை.

ஆயினும், அவர் வழியிற் சென்ற பின்னையோரிடம் ஒரு குறை காணப்படுகின்றது. போரின் வடு என்னும் ஒளி படிந்த இடம் மட்டுமே அவர்களுக்குத் தெரிகின்றது. 2009-இல் யாழ்ப்பாண மாவட்டத்தில் நடத்தப்பட்டு 2011-இல் அமெரிக்க மருத்துவச் சங்க இதழில் வந்த அளவாய்வு, பதகளிப்பு 32.6 சதவீதம், மனச்சோர்வு 22.2 சதவீதம், நெருக்கீட்டின் பின்னான வடு 7 சதவீதம் என எண்ணிக் காட்டியது. போருக்கு முன்னரே நோயுற்றிருந்தவன் இவ்வெண்களில் எங்கேயுள்ளான்? எறிகணை விழ ஊர் பெயர்ந்த இரவிலே, பெயர மறுத்தவனை எவர் கைப்பிடித்து இழுத்தனர்? சோதனைச்சாவடியிலே கேட்ட கேள்விக்குத் தொடர்பற்ற விடை கூறியவனுக்கு என்ன நேர்ந்தது? மருந்துப் பொருள்களுக்குக் கட்டுப்பாடு இருந்த ஆண்டுகளில், மாத்திரை நின்றுபோன நோயாளியை வீட்டார் எதனைக்கொண்டு அமைதிப்படுத்தினர்? போர் உண்டாக்கிய நோயை எழுதிய பேனாக்கள், போர் கண்டெடுத்த நோயாளியை எழுத மறந்தன.

2005-இல் அரசு ஏற்ற மனநலக் கொள்கை, பராமரிப்பை அங்கொடையிலிருந்து மாவட்டங்களுக்குப் பரப்ப வேண்டும் என்றது. வவுனியா மருத்துவமனையிலே மனநலப் பிரிவு இயங்குகின்றது. 2013-இல் கிளிநொச்சி வரை புகைவண்டி மீண்டும் ஓடத்தொடங்கிற்று. இன்று புளியங்குளத்து நோயாளி காலையிற் புறப்பட்டு, கிளினிக்கில் மருந்து பெற்று, மாலையில் வீடு திரும்பலாம். நூற்றாண்டுத் தொலைவு ஒருநாட் பயணமாகச் சுருங்கியது மெய். மருத்துவமனைக் கொப்பியிலே மாதத்தில் அந்த ஒருநாள் பதியப்படுகின்றது. எஞ்சிய நாள்களில் மாத்திரையை எண்ணிக் கொடுப்பவர், உண்ண மறுக்கும்போது பொறுத்திருப்பவர், தாம் மூப்படைந்தபின் யார் பார்ப்பார் என்று எண்ணிக் கிடப்பவர் ஆகியோரைப் பற்றி எழுத ஏடு இன்னும் திறக்கப்படவில்லை.