கடன் கதைகளும் தவணைக் கட்டளையும்

கடன்பட்டோர் கதைக்கு யாழ்ப்பாணத்தில் என்றுமே பஞ்சமிருந்ததில்லை. ஆயினும் நாம் படித்தவற்றுட் பெரும்பாலானவற்றில் வட்டிக்காரர் கொடியவர். கடனாளி கண்ணீர் விடுபவர். முடிவிற் காணி உறுதி கைமாறும். கடன் எவ்வாறு வளர்ந்தது என்ற கணக்கு மட்டும் அங்கே இராது. இரக்கம் பிறக்கிறது, விளக்கம் பிறப்பதில்லை.

பிரேம்சந்தின் 'ஒன்றேகாற் சேர் கோதுமை' என்னும் கதையை இதனோடு ஒப்பிடுக. அதிதிக்கு உணவிடக் கடன் வாங்கிய கோதுமை, ஏழாண்டின் பின் ஐந்தரை மணங்காகி, 60 ரூபாப் பத்திரமாகிறது. சங்கரன் ஓராண்டு வயிற்றைக் கட்டி 60 ரூபாவையும் கொண்டுபோய்க் கொடுக்கிறான். வட்டி 15 ரூபா எஞ்சி நிற்கிறது. அந்தப் பதினைந்தே அவனை ஆயுள் அடிமையாக்குகிறது. ஆசிரியர் எவரையும் ஏசவில்லை. எண்களே பேசுகின்றன.

சங்கரன் நீதிமன்றப் படி ஏறவில்லை. ஏறியிருந்தால்? நம் நாட்டின் 1889 ஆம் ஆண்டுக் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 194 ஆம் பிரிவு, பணக்கடனுக்கான தீர்ப்பைத் தவணை முறையிற் செலுத்துமாறு கட்டளையிட நீதிபதிக்கு அதிகாரம் தருகிறது. நல்ல ஏற்பாடுதான். ஆனால் ஈட்டுக் கடன் அதற்கு விலக்கு. நிலத்தையன்றி வேறு பிணை காட்ட இயலாத தோட்டக்காரனுக்கு இச்சட்டம் எத்துணை பயன்படும்? ஈட்டுக் கடனையும் இணக்கத்திற்குக் கொண்டுவரும் வகையில் 1941 இல் கடன் இணக்கக் கட்டளைச் சட்டம் ஒரு சபையைத் தந்தது. இவையெல்லாம் நம் கதைகளில் எங்கே? வழக்காளியாக வரும் கடனாளியையே காணோம்; நீதிமன்றம் நம்மவர் புனைவிற் கொலை வழக்குக்கே உரியது போலும்!

2009 இல் யுத்தம் முடிந்தபின் வடக்கிற் புகுந்த நுண்கடன் நிறுவனங்கள் தவணையின் பொருளையே மாற்றிவிட்டன. நீதிபதி விதிக்கும் தவணை கடனாளியின் வருவாயை நோக்கலாம். நிறுவனத்தின் வாரத் தவணை நாட்காட்டியை மட்டுமே நோக்கும். ஒருத்தி தவறினால் குழுவிலுள்ள மற்றப் பெண்கள் பொறுப்பு. ஆகவே வசூலிப்பவன் குரலை உயர்த்த வேண்டியதில்லை, அயலவளே உயர்த்துவாள். ஒரு கடனை அடைக்க இன்னொரு கடன். அதை அடைக்கத் தாலிக்கொடி அடைவுகடைக்கு. 2018 இல் அரசாங்கம் வறட்சி தாக்கிய 12 மாவட்டங்களிற் பெண்கள் பெற்ற 1,00,000 ரூபாவுக்கு உட்பட்ட நிலுவைக் கடன்களைத் தள்ளுபடி செய்வதாக அறிவித்து, வட்டிக்கு ஆண்டுக்கு 35 சதவீதம் உச்சவரம்பும் விதித்தது. 35 சதவீதத்தைச் சலுகை என்று சொல்ல வேண்டியிருந்ததெனின், முன்னைய நிலையை வாசகர் ஊகிக்கலாம்.

இங்கே வில்லன் யார்? நிறுவனத்தின் சம்பளத்துக்கு உழைக்கும் இளைஞனா? அவனும் நம் பள்ளியிற் படித்தவனே. பழைய வட்டிக்காரரின் கடுக்கனையும் குடுமியையும் வருணித்துப் பழகிய பேனாவுக்கு இந்த முகமற்ற முதலாளி அகப்படவில்லை. முற்றத்திற் பெண்கள் வரிசையாக அமர, கணக்குக் கொப்பி விரிக்கப்படும் அந்தக் காலைப்பொழுதில் தொடங்கும் ஒரு கதையை நாம் இன்னும் படித்திலேம்.