மறுபிறவி எடுத்த சாட்சிகள்

தமிழ்நாட்டு ஊர் ஒன்றின் பெயரைத் தன் முகவரியிலேயே வைத்திருக்கிறது பெங்களூரின் நிம்ஹான்ஸ் மனநல மருத்துவமனை: ஓசூர் சாலை. அங்கே பணியாற்றிய உளவியலாளர் சத்வந்த் பஸ்ரிச்சா, முன்ஜென்மம் நினைவிருப்பதாகச் சொன்ன குழந்தைகளைப் பல ஆண்டுகள் ஆராய்ந்தார். 1966இல் இத்துறையின் முக்கிய நூலை வெளியிட்ட இயான் ஸ்டீவன்சனோடு சேர்ந்தும் பணியாற்றினார். மறுபிறவிக்கு இவை சான்று என்று அறிவியல் உலகம் ஒப்புக்கொள்ளவில்லை. ஆனால் இந்த ஆய்வுகளில் ஒரு செய்தி திரும்பத் திரும்ப வருகிறது: குழந்தை சொல்லும் முந்தைய மனிதர் பெரும்பாலும் கொலையிலோ விபத்திலோ இறந்தவர். தென்னிந்தியாவில் இத்தகைய கதைகள் ஏன் குறைவாகப் பதிவாகின்றன என்றும் பஸ்ரிச்சா கேட்டார். நம் வீடுகளில் குறைந்ததை நம் திரையரங்குகள் ஈடுகட்டிவிட்டன.

நம் சினிமாவில் மறதிக் கதைக்கும் மறுபிறவிக் கதைக்கும் பொதுவான முன்னோடி ஒருவர் உண்டு. 1956இல் வந்த 'அமரதீபம்' படத்துக்குக் கதை வசனம் எழுதியவர் ஸ்ரீதர்; அது நினைவிழந்த மனிதனின் காதல். 1963இல் அவரே இயக்கிய 'நெஞ்சம் மறப்பதில்லை', பாழடைந்த மாளிகைக்குள் நுழையும் இளைஞனுக்குப் பூர்வஜென்மம் திரும்பும் கதை. ஜமீன்தார் மகன் ஓர் ஏழைப் பெண்ணைக் காதலித்தான். ஜமீன்தார் அவளைச் சுட்டார். காதலர்கள் இறந்து பிறந்து வந்தபோதும் அந்தக் கிழவர் சாகவில்லை. நூறு வயதைத் தாண்டிய தள்ளாத உடம்பில் எம்.என்.நம்பியார், அவரைச் சூழ்ந்த இருட்டில் வின்சென்ட்டின் ஒளிப்பதிவு. காதலுக்கு இரண்டு பிறவி தேவைப்படுகிறது; அந்தஸ்து வெறிக்கு ஒன்றே போதும் என்பதை இதைவிடச் சுருக்கமாக எந்தப் படமும் சொன்னதில்லை.

'விட்ட குறை தொட்ட குறை' என்று நாம் சாதாரணமாகச் சொல்வதைத்தான் இப்படங்கள் விரித்தன. தெலுங்கு 'மூக மனசுலு' (1964), சாவித்திரி இயக்கத்தில் 'பிராப்தம்' (1971) ஆனபோது, படகோட்டிக்கும் பெரிய வீட்டுப் பெண்ணுக்கும் நடுவே ஆறு ஓடியது. 1984இன் 'எனக்குள் ஒருவன்' படத்தில் காதல் பின்னுக்குப் போய்ச் சொத்துக்கான கொலை முன்னுக்கு வந்தது. கே.வி.ஆனந்தின் 'அனேகன்' (2015) பர்மாவில் தொடங்கி, வியாசர்பாடி வழியாகச் சென்னையின் கணினி விளையாட்டு நிறுவனத்தில் முடிகிறது. அங்கே ஜமீன்தார் இருந்த இடத்தில் முதலாளி. வேலையைக் கூட்டுவதற்காக ஊழியர்களுக்கு மருந்து கொடுக்கிறார். முன்ஜென்ம நினைவா, மருந்தின் மயக்கமா என்று படம் நம்மை ஊசலாட விடுகிறது. ஷிஃப்ட் முடிந்து தூக்கக் கண்ணோடு சிப்காட் வாசலில் நிற்பவருக்கு இந்தச் சந்தேகம் எளிதில் புரியும்.

மறதிப் படங்களில் கணக்கு தலைகீழ். 'மூன்றாம் பிறை' (1982) முடிவில் கேத்தி ரயில் நிலையத்தில் கமல்ஹாசன் தலையில் பானையோடு குரங்காட்டம் ஆடுகிறார். பழைய நினைவு திரும்பிய ஸ்ரீதேவியின் கண்ணுக்கு அவர் யாரோ ஒரு பைத்தியம். அவர்கள் சேர்ந்து வாழ்ந்த நாட்களுக்கு இனி அவர் ஒருவரே சாட்சி. 'கஜினி'யில் (2005) பதினைந்து நிமிடத்துக்கு மேல் நினைவு நிற்காத நாயகன், காதலியின் கொலை பற்றிய குறிப்புகளைத் தன் உடம்பிலேயே பச்சை குத்திக்கொள்கிறான். முன்ஜென்மப் படத்தில் சாட்சிக்கு வேறு உடம்பு. மறதிப் படத்தில் சாட்சிக்கு உடம்பு மட்டுமே மிச்சம். இரு வகையிலும் பல, கொலை வழக்கின் வாசலில் நிற்கும் காதல் கதைகள்தாம்.

தமிழகத்துக்கும் கர்நாடகத்துக்கும் இடையிலுள்ள அத்திப்பள்ளி எல்லையைக் கடந்து இந்தக் கதைகள் போய்வந்தபடியே இருக்கின்றன. 'நெஞ்சம் மறப்பதில்லை'யின் நாயகன் கல்யாண்குமார் கன்னட நட்சத்திரம். நிஜமாகவே ஓர் ஒளிப்பதிவாளருக்கு நேர்ந்த மறதியைக் கொண்டு எடுத்த 'நடுவுல கொஞ்சம் பக்கத்த காணோம்' (2012), சதீஷ் நீனாசம் நடிக்கக் கன்னடம் போனது. அதே நடிகரின் 'லூசியா' (2013) தமிழுக்கு வந்தபோது அதற்குக் கிடைத்த பெயர், அந்த 1984 படத்தின் பெயரேதான்: 'எனக்குள் ஒருவன்'!

எல்லையைக் கடந்தவை கதைகள் மட்டுமல்ல. 2018 நவம்பரில், சாதி மறுத்து மணந்து ஓசூரில் குடியிருந்த இளம் தம்பதி கொல்லப்பட்டு, கர்நாடகத்தில் காவிரியில் சடலங்களாகக் கிடந்தார்கள். பெண்ணின் தந்தையும் உறவினர்களும் கைதானார்கள். ஜமீனும் இல்லை, பாழ் மாளிகையும் இல்லை. நாம் வாழும் காலத்தில் நடந்தது.

கிருஷ்ணகிரி அருங்காட்சியகத்தில், ஓசூர் அடங்கிய இந்த மாவட்டத்து நடுகற்கள் நிற்கின்றன. ஆநிரை மீட்டுச் செத்தவனுக்கு இந்த மண் அன்றே கல்லைச் சாட்சியாக நட்டது. அவன் மறுபடி பிறந்து வந்து சொல்லட்டும் என்று காத்திருக்கவில்லை. காதலுக்காகச் செத்தவர்களுக்கான நியாயத்தை அடுத்த பிறவிக்கு ஒத்திவைத்தே நம் சினிமா அறுபது ஆண்டுகளைக் கடத்திவிட்டது. சாட்சி இந்தப் பிறவியிலேயே வாய் திறக்கும் படத்தை இனி யாராவது எடுக்க வேண்டும்.