மன்னிக்கும் உரிமை யாருடையது?

கலகமும் போரும் ஓய்ந்த நாடுகளில் முதலில் எழும் குரல், "நடந்தவற்றை மறப்போம்" என்பதாகவே பெரும்பாலும் இருக்கக் காண்கிறோம். அக்குரலை எழுப்புவோர் யாவர் என்று சற்றே நின்று நோக்கினால், மகனைப் பறிகொடுத்த தாயை அவர்களிடையே காண்பது அரிது. நேற்று ஆட்சியில் இருந்தவர்களும் நாளை ஆட்சிக்கு வர இருப்பவர்களுமே அங்கு மிகுதியாக நிற்பர். மன்னிப்பு என்னும் உயர்ந்த சொல், அதனைச் சொல்பவர் யார் என்பதைப் பொறுத்துப் பொருள் மாறிவிடுகிறது. இவ்வெண்ணத்தை உடன்கொண்டு, சென்ற நூற்றாண்டின் இறுதியில் எழுந்து உலகெங்கும் பெருஞ்செல்வாக்குப் பெற்ற நூலொன்றை ஈண்டு ஆராயப் புகுகின்றோம். தென்னாப்பிரிக்கப் பேராயர் டெஸ்மண்ட் டூட்டு 1999இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட அந்நூலின் பெயரை, 'மன்னிப்பின்றி எதிர்காலம் இல்லை' எனத் தமிழில் சொல்லலாம்.

நூலின் பின்புலத்தை முதற்கண் சுருங்கக் காண்போம். 1948 முதல் தென்னாப்பிரிக்காவை ஆண்ட தேசியக் கட்சி, நிறவேற்றுமையைச் சட்டமாக்கி ஆட்சி நடத்தியது. 1994இல் எல்லா இனத்தவரும் வாக்களித்த முதல் தேர்தல் நடைபெற்று, நெல்சன் மண்டேலா குடியரசுத் தலைவரானார். மறு ஆண்டில் இயற்றப்பெற்ற சட்டத்தின்படி 'உண்மை, நல்லிணக்க ஆணையம்' அமைந்தது. டூட்டு அதன் தலைவரானார். 1996 ஏப்ரலில் ஈஸ்ட் லண்டன் நகரில் ஆணையத்தின் முதல் விசாரணை தொடங்கியது. 21 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் தாம் பட்ட கொடுமைகளை ஆணையத்தில் பதிந்தனர். 1998 அக்டோபரில் அறிக்கையின் ஐந்து தொகுதிகள் மண்டேலாவிடம் அளிக்கப்பெற்றன. அந்த அனுபவத்தின் பிழிவே டூட்டுவின் நூல்.

அவர் வாதத்தை இவ்வாறு தொகுக்கலாம். கொடுங்கோன்மை நீங்கிய நாட்டின் முன் இரு வழிகள் இருந்தன. ஒன்று, இரண்டாம் உலகப்போரின் பின் நூரம்பர்க்கில் நிகழ்ந்தது போன்று வென்றவர் தோற்றவரை விசாரித்துத் தண்டிப்பது. மற்றொன்று, சிலியில் பினோசே ஆட்சி தனக்குத்தானே விலக்கு அளித்துக்கொண்டது போல எல்லாவற்றையும் மூடிவிடுவது. தென்னாப்பிரிக்கா இரண்டையும் விடுத்து மூன்றாம் வழியைத் தேர்ந்தது. அரசியல் நோக்கத்தோடு குற்றம் புரிந்தவர் தாம் செய்ததை முழுமையாக வெளிப்படுத்தினால், அவர் மீது வழக்கில்லை. உண்மையே அவர் தரும் விலை. இதற்கு அடிப்படையாக, ஒருவர் மற்றவரால்தான் மனிதராகிறார் என்னும் ஆப்பிரிக்கக் கோட்பாடாகிய 'உபுண்டு'வை டூட்டு காட்டுகிறார். குற்றவாளியைத் தண்டிப்பதைவிட, முறிந்த உறவைச் சீராக்குவதே மேலான நீதி என்பது அவர் துணிபு.

இந்நூலின் பெருமையைக் குறைத்து மதிப்பிட நாம் விரும்பவில்லை. கொடுமைகளை மறைக்காமலும் மழுப்பாமலும் அது எடுத்துரைக்கிறது. விடுதலை இயக்கத்தார் செய்த வன்செயல்களையும் விட்டுவிடவில்லை. பேராயர் அன்று நின்ற நெருக்கடியையும் நாம் நினைவிற் கொள்ள வேண்டும். படையும் காவல்துறையும் பழையவர் கையில் இருந்தன. போரில் வென்று பெற்ற ஆட்சி அன்று அது. பேசிப் பெற்ற ஆட்சி. வழக்கு மன்றங்களையே நம்பியிருந்தால், சாட்சியங்களை அழித்துவிட்ட காவல்துறையிடமிருந்து எத்தனை உண்மைகள் வெளிவந்திருக்கும் என்பது ஐயமே. இவற்றையெல்லாம் ஒப்புக்கொண்ட பின்னரும், நூலின் நடுவே ஒரு விரிசல் இருப்பதைக் காண்கிறோம்.

அவ்விரிசல் ஒரு சொல்லில் இருக்கிறது. வழக்கிலிருந்து விலக்களிப்பது அரசின் செயல்; மன்னிப்பது மனத்தின் செயல். ஆங்கிலத்தில் இவற்றுக்கு வெவ்வேறு சொற்கள் உண்டு. தமிழில் நாமோ முன்னதைப் 'பொதுமன்னிப்பு' என்று சொல்லி, இரண்டையும் ஒரே வேரில் பிணைத்துவிட்டோம். ஆணையச் சட்டத்தைக் கூர்ந்து நோக்கினால், விலக்குப் பெறுபவர் வருந்த வேண்டும் என்றோ, பாதிக்கப்பட்டவரிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்றோ ஒரு நிபந்தனையும் இல்லை. செய்ததைச் சொன்னால் போதும். ஆகவே அது மன்னிப்பே அன்று. அரசு செய்துகொண்ட ஓர் உடன்படிக்கை. டூட்டுவோ இந்த உடன்படிக்கையை விளக்கத் தொடங்கி, நாம் அறியாமலேயே நம்மை மன்னிப்பின் அறத்துக்கு அழைத்துச் சென்றுவிடுகிறார். அரசின் தேவை ஒன்று, இழந்தவரின் கடமையாக அங்கே உருமாறுகிறது. அதற்கு இணங்காத தாயும் மனைவியும் நாட்டின் எதிர்காலத்துக்கே தடையாக நிற்பவர் போலத் தோன்றிவிடுகின்றனர்.

நம் முன்னோர் இவ்விடத்தில் தெளிவாக இருந்தனர். வள்ளுவர் பொறையுடைமையை இல்லறவியலில் வைத்தார்; செங்கோன்மையைப் பொருட்பாலில் அரசியலில் வைத்தார். தனக்குத் தீங்கு செய்தவனைப் பொறுப்பது தனிமனிதனின் உயர்வு. குடிகளுக்குத் தீங்கு செய்தவனை ஒறுப்பது அரசனின் தொழில். இவற்றின் இடம் மாறினால் முன்னதன் பெருமையும் பின்னதன் வலிமையும் ஒருங்கே கெடும். இஸ்லாமியச் சட்டவியலில் கொலைக்குரிய கிஸாஸ் பற்றிய பொதுவிதியும் இதனையே வலியுறுத்துகிறது. பழிக்குப் பழி கோரவோ, குருதிப்பணம் பெற்று விடவோ, எதுவும் பெறாமல் மன்னிக்கவோ உரிமை உடையவர், கொல்லப்பட்டவரின் வாரிசுகளே. மன்னிப்பது மேலானது என்று அவர்களுக்கு எடுத்துச் சொல்லலாம். அவர்களுக்காக வேறொருவர் மன்னிக்க இயலாது. ஹிஜ்ரி 8ஆம் ஆண்டில் மக்கா வெற்றி நாளன்று நிகழ்ந்த பெருமன்னிப்பை எடுத்துக்காட்டுவோர், மன்னித்தவர் யார் என்பதை மறத்தலாகாது. ஆண்டுக்கணக்கில் துன்புறுத்தப்பட்டு, பிறந்த ஊரைவிட்டு வெளியேற்றப்பட்டவரே அன்று மன்னித்தார். அதுவும், தண்டிக்கும் ஆற்றல் முழுவதும் தம் கையில் இருந்தபோது.

தென்னாப்பிரிக்காவில் இக்கேள்வி நீதிமன்றம் வரை சென்றது. 1977இல் காவலில் மாண்ட ஸ்டீவ் பிக்கோவின் குடும்பத்தாரும் வேறு சிலரும், வழக்காடும் தங்கள் உரிமையை இச்சட்டம் பறிக்கிறது என்று முறையிட்டனர். 1996 ஜூலையில் அரசியலமைப்பு நீதிமன்றம் அம்முறையீட்டைத் தள்ளியது. தீர்ப்பை எழுதியவர் இஸ்மாயில் முகம்மது. பின்னர் அந்நாட்டின் தலைமை நீதிபதியானவர். விலக்களிக்காவிடில் உண்மை வெளிவராது என்பது அவர் கண்ட காரணம். இழந்தவர்களின் உரிமை இதனால் குறைகிறது என்பதை அவர் மறைக்கவில்லை. ஒரு கசப்பான விலையை விலை என்றே கூறும் அந்த நேர்மை, பேராயரின் உருக்கமான பக்கங்களைவிட நமக்கு மிகுந்த தெளிவைத் தருகிறது.

விலை கொடுத்தால் பொருள் கைக்கு வந்ததா என்று கேட்பது முறை. விலக்குக் கோரி வந்த விண்ணப்பங்கள் 7,112. அவற்றுள் 849 ஏற்கப்பட்டன, 5,392 மறுக்கப்பட்டன. மறுக்கப்பட்டோர் மீதும் விண்ணப்பிக்கவே வராதோர் மீதும் வழக்குத் தொடர்வது உடன்படிக்கையின் மறுபாதி. ஏறத்தாழ 300 வழக்குகள் அரசு வழக்குரைஞர்களின் பார்வைக்கு அனுப்பப்பட்டன. அவற்றுள் மன்றம் ஏறியவை மிகச் சில. பிக்கோவின் இறப்பில் தொடர்புடைய காவலர்களுக்கு 1999இல் விலக்கு மறுக்கப்பட்டது; ஆயினும் 2003இல், வழக்குத் தொடரப் போவதில்லை என்று அரசுத் தரப்பு அறிவித்தது. இவ்வழக்குகள் வேண்டுமென்றே தடுக்கப்பட்டனவா என்பதை ஆராய, 2025இல் குடியரசுத் தலைவர் ரமபோசா ஒரு விசாரணை ஆணையத்தை அமைக்க வேண்டியதாயிற்று.

இருவர் வரலாறு இதனை விளக்கும். பள்ளி ஆசிரியர் அஹ்மத் திமோல், 1971 அக்டோபர் 27 அன்று ஜொஹானஸ்பர்க் காவல் தலைமையகத்தின் பத்தாம் மாடியிலிருந்து வீழ்ந்து இறந்தார். தற்கொலை என்று 1972இல் விசாரணை முடிந்தது. 1996இல் அவர் அன்னை ஆணையத்தின் முன் வந்து, தம் மகனுக்கு என்ன நேர்ந்தது என்று கேட்டார். மறு ஆண்டே அவர் மறைந்தார். குடும்பத்தாரின் விடாமுயற்சியால் 2017இல் விசாரணை மீண்டும் நடந்து, அது கொலையே எனத் தீர்ப்பாயிற்று. அதன்பின் குற்றஞ்சாட்டப்பட்ட ஒரே முன்னாள் காவலரும், வழக்கு விசாரணை தொடங்கு முன்பே 2021இல் இறந்துபோனார்.

கேப்டவுன் நகரின் இமாம் அப்துல்லா ஹாரூன், 123 நாள் காவலில் இருந்து 1969 செப்டம்பர் 27 அன்று உயிர் நீத்தார். மாடிப்படியில் தவறி விழுந்ததால் ஏற்பட்ட காயங்கள் என்னும் காவலர் கூற்றை 1970இல் நடந்த விசாரணை ஏற்றது. சித்திரவதையே அவர் இறப்புக்குக் காரணம் என்று 2023 அக்டோபரில்தான் நீதிமன்றம் அறிவித்தது. இத்தீர்ப்புகளால் நாட்டின் அமைதி குலைந்ததா? இல்லை. நீதி கேட்டால் அமைதி கெடும் என்னும் அச்சம், எல்லாக் காலத்துக்கும் எல்லா வழக்குக்கும் பொருந்துவதன்று என்பதற்கு இவையே சான்று.

டூட்டுவின் நூலிலேயே அவர் வாதத்தை அளக்கும் கோலும் இருக்கிறது. ஒருவரின் பேனாவைத் திருடியவன், அதைத் தன்னிடமே வைத்துக்கொண்டு மன்னிப்புக் கேட்டால் அவன் வருத்தம் மெய்யாகாது என்கிறார் அவர். அருமையான உவமை. அக்கோலை அவருடைய ஆணையத்தின் மீதே வைத்துப் பார்ப்போம். விலக்கு கிடைத்தவுடன் குற்றவாளிக்கு வழக்கும் இல்லை, இழப்பீட்டுப் பொறுப்பும் இல்லை. இழந்தவரோ அரசின் முடிவுக்காகக் காத்திருக்க வேண்டும். ஆறு ஆண்டுகளுக்கு ஆண்டுதோறும் உதவித்தொகை என்று ஆணையம் பரிந்துரைத்தது. 2003இல் அரசு தர முன்வந்ததோ, ஒரே முறையாக 30,000 ராண்ட். இவ்வேற்றத்தாழ்வை டூட்டுவே உணர்ந்து வருந்தியிருக்கிறார். ஆனால் அவ்வருத்தம் நூலின் முடிவை மாற்றவில்லை.

1995இல் தாம் ருவாண்டா சென்றதையும் அவர் எழுதுகிறார். முந்தின ஆண்டின் இனப்படுகொலையிலிருந்து மீளாத மக்களிடம் மன்னிப்பைப் பற்றி அவர் பேசினார். தாங்கள் மன்னிக்க ஆயத்தமே, ஆயினும் சாத்தானை மன்னிக்க இயலாதென்று இயேசுவே சொல்லியிருக்கிறார் என அந்நாட்டுத் தலைவர் விடையிறுத்தார். பேராயர் இதனை மறைக்காமல் பதிந்திருப்பது அவர் பண்பைக் காட்டுகிறது. ஆனால் அவ்விடையுடன் அவர் நெடுநேரம் நிற்கவில்லை. நின்றிருந்தால் நூல் இன்னும் ஆழம் பெற்றிருக்கும் என்பது நம் கருத்து.

மன்னிப்பு வேண்டா என்று நாம் சொல்ல வரவில்லை. அது வர வேண்டிய வரிசையையே சொல்கிறோம். உண்மை வெளிவந்து, குற்றம் குற்றமென்று பெயர் பெற்று, கூடியவரை இழப்பு ஈடுசெய்யப்பட்ட பின், மன்னிப்பதா வேண்டாவா என்னும் முடிவு இழந்தவர் கையில் விடப்பட வேண்டும். அரசின் கடன் முன்னவற்றோடு முடிகிறது. அக்கடனைத் தீர்க்காமல் மன்னிப்பைக் கேட்கும் அரசு, குடிகளிடம் இரண்டாம் முறையும் வாங்குகிறது.

இமாம் ஹாரூனின் மனைவி, கணவர் அடக்கம் செய்யப்பட்டு ஐம்பது ஆண்டுகள் நிறைவுற்ற அதே நாளில், 2019 செப்டம்பர் 29 அன்று காலமானார். தீர்ப்பு அதற்கு நான்கு ஆண்டுகள் கழித்தே வந்தது. இனி மன்னிப்புக் கேட்க எவரேனும் முன்வந்தாலும், அதனைத் தர உரிமை உடையவருள் முதல்வர் இல்லை.